பச்சை மையில் எழுதப்படும் சாதி



போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம், இந்த இதழுக்கான பக்கங்களைப் பிழை திருத்திக்கொண்டிருந்தபோது ஒரு தங்கை வந்தார். மத்திய அரசு அலுவலகம் ஒன்றில் வேலை. கல்லூரி விடுதியில் இருந்த காலத்திலிருந்தே நம் இதழை வாசிப்பவர். கையில் ஒரு பிளாஸ்டிக் ஃபைல், அதற்குள் சில தாள்கள். "இதப் படிங்கண்ணே. கோவம் வருதா அழுக வருதான்னே தெரியல" என்றார்.

அது அவருடைய வருடாந்திரப் பணி மதிப்பீட்டு அறிக்கை. அரசு ஊழியர்கள் வாயில் இன்றும் அது சி.ஆர்.தான். ரகசியக் குறிப்பு என்று பேர் வைத்து பூட்டி வைத்த காலத்துப் பெயர் அது. மத்திய அரசில் 2009லிருந்து ஏ.பி.ஏ.ஆர். என்கிறார்கள். பத்துக்கு 5.2 மார்க் போட்டிருந்தது. அதற்கு முந்தைய இரண்டு வருடமும் 7.8, 8.1 வாங்கியவர். கீழே ஆபீசர் எழுதியிருந்தது இரண்டே வரி: "குழுவோடு இணங்கிப் போவதில்லை. மனப்பான்மையில் மாற்றம் தேவை." எந்த ஃபைலைத் தேக்கி வைத்தார், எந்தத் தேதியில் யாரோடு இணங்காமல் போனார், அதற்காக முன்பே எச்சரித்தார்களா, ஒன்றும் இல்லை. அந்த வருடம் முழுவதும் அவர் மீது ஒரு மெமோகூடக் கிடையாது.

நடந்தது ஒன்றே ஒன்றுதான். அலுவலகத்தின் இடஒதுக்கீட்டு ரோஸ்டரைப் பார்க்க வேண்டும் என்று எழுத்துப்பூர்வமாகக் கேட்டிருக்கிறார். காலியாக இருக்கும் எஸ்.சி. இடங்கள் எத்தனை என்று தெரிந்துகொள்ள விரும்பியிருக்கிறார். அதற்குப் பிறகுதான் அவருடைய மனப்பான்மை கெட்டுப்போயிருக்கிறது!

5.2 என்றால் என்ன என்று வெளியில் இருக்கும் தோழர்களுக்குச் சொல்ல வேண்டும். 4க்கு மேல் 6க்குள் இருந்தால் 'நன்று'. 6க்கு மேல் 8க்குள் என்றால் 'மிக நன்று'. அதற்கும் மேலே 'மிகச் சிறப்பு'. நன்றுதானே, இதில் என்ன கெட்டுப்போச்சு என்று தோன்றும். பதவி உயர்வு கிடைக்காமல் ஒரே இடத்தில் கிடப்பவர்களுக்கு 10, 20, 30 ஆண்டுகள் முடிந்ததும் சம்பளத்தில் ஒரு படி ஏற்றித் தரும் திட்டம் மத்திய அரசில் இருக்கிறது. 7ஆவது சம்பளக் கமிஷனுக்குப் பிறகு, 2016லிருந்து, அதற்குக் குறைந்தபட்சம் 'மிக நன்று' வேண்டும். தங்கைக்கு அடுத்த வருடம் பத்தாண்டு முடிகிறது. ஆக, நன்று என்று எழுதியே ஒருவரை நாசம் செய்ய முடியும். திட்ட வேண்டியதில்லை, அடிக்க வேண்டியதில்லை, சாதிப் பெயரைச் சொல்ல வேண்டியதில்லை.

அறிக்கை கைக்கு வந்த நாளிலிருந்து 15 நாளுக்குள் மறுப்பு எழுதிக் கொடுக்க வேண்டும் என்பது விதி. ஒன்பது நாள் ஏற்கெனவே போய்விட்டது. அலுவலகத்தில் நல்லெண்ணம் உள்ள ஒரு பெரியவர், நம்ம ஆள்தான், அவரிடம் சொன்னாராம்: "எதுக்கும்மா வம்பு? அடுத்த வருஷம் நல்லாப் போட்டுருவாரு. மேல எழுதுனா பகையாயிரும்."

"விட்டுரலாமாண்ணே?" என்று கேட்டார்.

எனக்கு உடனே பதில் வரவில்லை. ஏனென்றால் ஒரு காலத்தில் நான் விட்டவன்.

எங்கள் தெருவில் கவர்மெண்ட் உத்தியோகத்துக்குப் போன முதல் ஆள் நான். ஆர்டர் வந்த அன்று என் அம்மா அந்தத் தாளை மடிக்கவிடாமல் இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு வீடு வீடாகக் காட்டிவிட்டு வந்தது. பத்துப் பன்னிரண்டு வருடம் கழித்து, தொண்ணூறுகளில், எனக்குப் பின்னால் சேர்ந்த இரண்டு பேர் எனக்கு மேலே போனார்கள். எனக்குக் காரணம் தெரியாது. டீக்கடையில் வைத்து ஒரு சக ஊழியர் காதோடு சொன்னார்: "உனக்கு மூணு வருஷமா சுமார்னு எழுதி வச்சிருக்காங்கப்பா." அந்த மூன்று வருடமும் என் மேசையில் தேங்கிய ஃபைல் ஒன்றுகூட இல்லை. அந்த மூன்று வருடமும்தான் ஏப்ரல் 14க்கு அலுவலகத்தில் அம்பேத்கர் படம் வைக்க வேண்டும் என்று நாங்கள் சண்டை போட்டது.

அன்றைய விதிப்படி, 'பாதகமான' குறிப்பு என்றால் மட்டும்தான் ஊழியருக்குத் தெரிவிப்பார்கள். 'சுமார்' என்பது பாதகம் இல்லையாம்! அதனால் சொல்லவும் மாட்டார்கள். சொல்லாத ஒன்றை எப்படி மறுப்பது? கோர்ட்டுக்குப் போ என்று சில தோழர்கள் சொன்னார்கள். பிள்ளைகள் சிறிசு, தூக்கியடித்துவிடுவார்கள் என்ற பயம். விட்டுவிட்டேன். 2008இல் உச்ச நீதிமன்றம் இதே விஷயத்தில் ஒரு தீர்ப்பு சொன்னபோது எனக்கு ஓய்வுபெற இன்னும் நான்கு வருடம் மிச்சம் இருந்தது. அப்போதாவது கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. இன்று மாதா மாதம் என் பென்ஷனில் அந்தச் 'சுமார்' கழிந்துகொண்டுதான் இருக்கிறது. மேடையில் அடங்க மறுப்போம் என்று பேசுகிறவன் தன் சொந்த ஃபைல் முன்னால் அடங்கிப்போனதைச் சொல்லாமல் இந்தத் தலையங்கத்தை எழுதுவது நேர்மையாகாது.

அந்த 2008 தீர்ப்பைப் பற்றி நம் மாணவர்கள் அவசியம் தெரிந்துகொள்ள வேண்டும். தேவ் தத் என்பவர் எல்லைச் சாலைகள் அமைப்பில் செயற்பொறியாளர். மேற்பார்வைப் பொறியாளர் பதவிக்குப் போக, முந்தைய ஐந்து வருடமும் 'மிக நன்று' இருக்க வேண்டும். 1993-94ஆம் வருடத்தில் மட்டும் அவருக்கு 'நன்று' என்று எழுதப்பட்டிருந்தது. அதை அவருக்குச் சொல்லவே இல்லை. அவருக்கு இளையவர்கள் மேலே போனார்கள். கௌகாத்தி உயர்நீதிமன்றம் அவர் வழக்கைத் தள்ளியது. உச்ச நீதிமன்றம் ஏற்றது. எழுதியிருக்கும் சொல் நல்லதா கெட்டதா என்பது கேள்வி இல்லை, அதன் விளைவு என்ன என்பதே கேள்வி. 'மிக நன்று' கேட்கும் இடத்தில் 'நன்று' என்பதே பாதகமான குறிப்புதான் என்றது. ராணுவம் தவிர, எந்தக் குறிப்பானாலும் உரிய காலத்துக்குள் ஊழியருக்குத் தெரிவித்தே ஆக வேண்டும், தெரிவிக்காதது அரசியலமைப்பின் 14ஆம் பிரிவுக்கு விரோதம் என்றது. மறுப்பை முடிவு செய்கிறவர், குறிப்பு எழுதியவருக்கும் மேலே உள்ள அதிகாரியாக இருக்க வேண்டும் என்றது. தேவ் தத் அதற்குள் ஓய்வுபெற்றுவிட்டார். ஆனாலும் குறிப்பு திருத்தப்பட்டு அவர் தேர்வானால் முன்தேதியிட்ட பதவி உயர்வு, கூடுதல் பென்ஷன், நிலுவைக்கு 8 சதவீத வட்டி என்று உத்தரவு. 2013இல் சுக்தேவ் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் கொண்ட அமர்வு இதையே உறுதி செய்தது.

இதெல்லாம் திடீரென்று வானத்திலிருந்து குதித்தது இல்லை. 1979இல் குர்தியால் சிங் ஃபிஜி வழக்கில், தெரிவிக்காத பாதகக் குறிப்பை வைத்து ஒருவருக்குப் பதவி உயர்வை மறுக்கக்கூடாது என்று சொல்லியிருந்தார்கள். 1996இல் ராஜசேகர் என்ற கர்நாடக அரசு ஊழியரின் வழக்கில், சிக்கலான நேரத்தில் நடுநிலையோடு செயல்படுவதில்லை என்பதுபோல் பொத்தாம்பொதுவாக எழுதிவிட்டுப் போக முடியாது, எந்தச் சம்பவத்தில் அப்படி நடந்துகொண்டார் என்று சுட்டிக்காட்ட வேண்டும் என்று சொல்லி அந்தக் குறிப்பையே நீக்கியது உச்ச நீதிமன்றம். அதே 1996இல் உத்தரப் பிரதேச ஜல் நிகம் வழக்கில், உயர்ந்த தரத்திலிருந்து ஒருவரை இறக்கினால் அதற்கான காரணத்தைப் பதிவு செய்து, ஊழியருக்கும் சொல்ல வேண்டும் என்றது. 8.1லிருந்து 5.2க்கு இறக்கிய ஆபீசர் இந்தத் தீர்ப்பைப் படித்திருக்க மாட்டார். நாம் படித்து வைத்திருக்க வேண்டும்.

எல்லாத் தீர்ப்பும் நமக்குச் சாதகம் என்று பொய் சொல்லமாட்டேன். 1992இல் வைகுண்டநாத் தாஸ் என்ற ஒடிசா மருந்தாளுநரின் வழக்கில், தெரிவிக்கப்படாத பாதகக் குறிப்பைக்கூடக் கணக்கில் எடுத்துக்கொண்டு ஒருவரைக் கட்டாய ஓய்வில் அனுப்பலாம் என்று சொன்னதும் இதே உச்ச நீதிமன்றம்தான். பதவி உயர்வு என்றால் ஒரு நியாயம், வீட்டுக்கு அனுப்புவது என்றால் இன்னொரு நியாயம்! அதனால்தான் ஒவ்வொரு வருடக் குறிப்பையும் அந்தந்த வருடமே எதிர்க்க வேண்டியிருக்கிறது. சும்மா கிடக்கும் காகிதம் என்று நினைத்தால், ஐம்பது வயதில் அதுவே கழுத்துக்குக் கயிறாக வந்து நிற்கும்.

கெட்ட சி.ஆர். எல்லாச் சாதிக்காரனுக்கும்தானே எழுதுகிறார்கள், இதில் எங்கே சாதி வந்தது என்று சிலர் கேட்பார்கள். கேட்கட்டும். தேவ் தத் என்ன சாதி என்று நாம் தேடவில்லை. அவர் வாங்கிய உரிமை எல்லா ஊழியருக்குமானது. நம் ஆட்களில் வேலை செய்யாதவர்களே கிடையாது என்றும் நாம் சொல்லவில்லை. வேலை செய்யவில்லை என்றால் தேதியோடு எழுது, ஃபைல் நம்பரோடு எழுது, அந்த வருடமே மெமோ கொடு, பதில் வாங்கு. இதைத்தான் கேட்கிறோம். ஆனால் தலித் ஊழியர்களுக்கு எழுதப்படும் குறிப்புகளை வாசித்தால் தெரியும், அங்கே வேலையைப் பற்றிப் பேச்சே இருக்காது. 'மனப்பான்மை', 'பணிவு', 'இணக்கம்', 'ஒத்துழைப்பு' இவைதான் இருக்கும். ஊரில் துண்டைத் தோளிலிருந்து இறக்கி அக்குளில் வைக்கச் சொன்னார்களே, அந்தப் பணிவுதான் ஆபீசில் ஒரு காலம் போட்ட படிவமாக வந்து உட்கார்ந்திருக்கிறது.

1917இல் பாபாசாகேப் அம்பேத்கர் கொலம்பியாவிலும் லண்டனிலும் படித்துவிட்டு பரோடா சமஸ்தான வேலைக்குப் போனார். கடைநிலை ஊழியர்கள்கூட அவர் கையில் தராமல் ஃபைலைத் தூரத்திலிருந்து எறிந்தார்கள் என்று தனஞ்செய் கீர் எழுதியிருக்கிறார். தங்கியிருந்த பார்சி விடுதியிலிருந்து தடியோடு வந்து விரட்டினார்கள். இன்று யாரும் நம் முன்னால் ஃபைலை எறிவதில்லை. மரியாதையாக மேசையில் வைக்கிறார்கள், 'சார்' என்றுகூடக் கூப்பிடுகிறார்கள். எறிவதை ஃபைலுக்கு உள்ளே வைத்துக்கொள்கிறார்கள், பச்சை மைக் கையெழுத்தோடு.

இதில் இன்னொரு சூழ்ச்சி இருக்கிறது, அதுதான் முக்கியமானது. அரசியலமைப்பின் 335ஆம் பிரிவு, பட்டியல் சாதி, பழங்குடியினரின் உரிமைகளைக் கருதும்போது 'நிர்வாகத் திறன்' பாதிக்காமல் பார்த்துக்கொள்ளச் சொல்கிறது. 1992 மண்டல் தீர்ப்பில் பதவி உயர்வில் இடஒதுக்கீடு கூடாது என்றபோதும், நாடாளுமன்றம் 1995இல் 16(4ஏ) பிரிவைக் கொண்டுவந்த பிறகு 2006இல் நாகராஜ் வழக்கில் மறுபடி நிபந்தனை போட்டபோதும், சுற்றிச் சுற்றி வந்த வாதம் இந்தத் திறன்தான். சரி, ஒரு ஊழியரின் திறனுக்கு அரசிடம் என்ன சாட்சி இருக்கிறது? இந்த சி.ஆர்.தான். அதை எழுதுவது யார்? பெரும்பாலும் அவர்களே. ஆக, இவர்களே 'சுமார்' என்று எழுதிப் பூட்டி வைப்பார்கள், பிறகு இவர்களே அதைத் திறந்து காட்டி, பார், இவர்களுக்குத் திறமை இல்லை, இடஒதுக்கீட்டில் மேலே ஏற்றினால் நிர்வாகம் கெட்டுப்போகும் என்பார்கள். சாட்சியும் அவர்களே, தீர்ப்பும் அவர்களே! 2019இல் பவித்ரா வழக்கில், சமூகத்தின் எல்லாப் பிரிவினரும் இடம்பெறுவதையும் சேர்த்தே நிர்வாகத் திறன் என்பதைப் பார்க்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது வரவேற்கத்தக்கது. ஆனால் அந்த வெளிச்சம் நம் செக்‌ஷன் மேசை வரை இன்னும் வந்து சேரவில்லை.

எனவே, ஒரு எஸ்.சி. ஊழியர் தன் 5.2ஐ எதிர்த்துப் போடும் வழக்கை அவருடைய சொந்தச் சம்பளப் பிரச்சினை என்று இயக்கத் தோழர்கள் ஒதுக்கிவிடக்கூடாது. "உத்தியோகக்காரங்க, அவங்களுக்கென்ன" என்ற பேச்சு நம்மிடையே இருக்கிறது. அதில் கொஞ்சம் நியாயமும் இருக்கிறது. குவார்ட்டர்சுக்குப் போனதும் சேரியை மறந்தவர்கள் உண்டு. ஆனால் 1978இல் கன்ஷிராம் பாம்செஃபைக் கட்டியபோது ஊழியர்களைத்தான் நம்பினார். நம் கூட்டங்களுக்கு மைக் செட் வாடகை கொடுப்பதும், இந்த இதழுக்குச் சந்தா கட்டுவதும் யார்? ரோஸ்டரைக் கேட்கும் ஒவ்வொரு ஊழியரையும் ஒரு 5.2 போட்டு வாயடைக்க முடியும் என்றால், அந்த ரோஸ்டரில் வரவேண்டிய அடுத்த வேலை நம் தெருப் பையனுக்கு எப்படி வரும்?

தங்கையோடு அன்று ராத்திரி வரை உட்கார்ந்து மறுப்பு மனுவை எழுதினோம். அப்போது கற்றுக்கொண்டதை இங்கே வைக்கிறேன். வேலைக்குப் போகப்போகும் மாணவர்கள் குறித்துக்கொள்ளுங்கள்.

முதலில், அறிக்கையைக் கையெழுத்துப் போட்டு வாங்கும்போது தேதியையும் எழுதுங்கள். இன்று பல துறைகளில் கணினியிலேயே வந்துவிடுகிறது. திறந்து பார்த்த நாளைக் குறித்து, பிரதி எடுத்து வையுங்கள். 15 நாளுக்குள் எழுதாவிட்டால் ஒப்புக்கொண்டதாகவே முடித்துவிடுவார்கள்.

மனுவில் அழாதீர்கள், ஏசாதீர்கள். முந்தைய வருட மார்க், அந்த வருடம் முடித்த வேலையின் கணக்கு, மெமோ எதுவும் இல்லை என்ற உண்மை, எந்தச் சம்பவமும் குறிப்பிடப்படவில்லை, இறக்கியதற்குக் காரணம் சொல்லப்படவில்லை, இவற்றை வரிசையாக வையுங்கள். சாதி வன்மம் என்றால் அதற்குரிய ஆதாரத்தோடு எழுதுங்கள். எந்தத் தேதியில் ரோஸ்டர் கேட்டேன், எந்தத் தேதியில் என்ன பேசினார், யார் இருந்தார்கள் என்று. பின்னால் வழக்காகும்போது, உள்நோக்கம் என்று குற்றம் சாட்டினால் அந்த அதிகாரியைப் பெயர் சொல்லியே எதிர்தரப்பாகச் சேர்க்க வேண்டியிருக்கும். வெறும் சந்தேகம் கோர்ட்டில் நிற்காது. அதனால் தினமும் ஒரு நோட்டில் நடந்ததை எழுதி வையுங்கள். அவர்கள் நமக்கு ஒரு ரகசியக் குறிப்பு வைத்திருந்தார்கள் அல்லவா, நாமும் அவர்களுக்கு ஒன்று வைப்போம்.

மனு கிடைத்த 30 நாளில் முடிவு சொல்ல வேண்டும் என்பது 2009ஆம் ஆண்டு மத்திய அரசு உத்தரவு. மனுவுக்கு வரும் பதில் பெரும்பாலும் 'பரிசீலித்து நிராகரிக்கப்படுகிறது' என்று ஒற்றை வரியில் இருக்கும். மனம் உடைய வேண்டாம். காரணம் சொல்லாத அந்த ஒற்றை வரியே வழக்குக்கு நல்ல ஆதாரம். மத்திய அரசு ஊழியர் என்றால் 1985ஆம் ஆண்டுச் சட்டப்படி அமைந்த மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். இறுதி உத்தரவு வந்த ஒரு வருடத்துக்குள் போக வேண்டும். மனுக் கட்டணம் 50 ரூபாய், வக்கீல் செலவு தனி. அங்கே தோற்றால் உயர்நீதிமன்றம் போகலாம் என்பது 1997 சந்திரகுமார் தீர்ப்பு. தமிழ்நாடு அரசு ஊழியர்களுக்கான தீர்ப்பாயம் கலைக்கப்பட்டுவிட்டதால் அவர்கள் நேரே உயர்நீதிமன்றம்தான் போக வேண்டும். தேசியப் பட்டியல் சாதியினர் ஆணையத்துக்கும் எழுதலாம். விசாரணைக்குக் கூப்பிட அதற்குச் சிவில் நீதிமன்ற அதிகாரம் உண்டு. ஆனால் அது தடை உத்தரவு போட முடியாது என்று 1996இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆணையத்தை மட்டும் நம்பிக் காலக்கெடுவைக் கோட்டை விடாதீர்கள்.

கோர்ட் என்ன செய்யும்? பெரும்பாலும் அதுவே மார்க்கைத் திருத்திப் போடாது. குறிப்பை ரத்து செய்யும், அல்லது மறுபடி பரிசீலி என்று அதே துறைக்குத் திருப்பி அனுப்பும். எழுதுகிற கை யாருடையது என்பதை எந்தக் கோர்ட்டும் மாற்றப்போவதில்லை. அதை மாற்றுவது நம் இயக்கத்தின் வேலை. மதிப்பீடு செய்யும் நாற்காலிகளில் நம் மக்களும் உட்காரும் வரை, அதற்குப் பிறகும், அந்த வேலை இருக்கிறது.

தங்கையின் மனு பதினான்காம் நாள் தபால் பிரிவில் முத்திரை வாங்கிவிட்டது. "எதுக்கும்மா வம்பு" என்று சொன்ன பெரியவரே கூடப் போய் நின்று, முத்திரை தெளிவாக விழவில்லை என்று இரண்டாம் தடவை குத்த வைத்தாராம். இதழ் அச்சுக்குப் போகும் இந்த நேரம் வரை பதில் வரவில்லை. வராவிட்டாலும், ஒற்றை வரியில் வந்தாலும், தீர்ப்பாயத்துக்குப் போவது என்று முடிவு. வக்கீல் செலவில் ஒரு பங்கை என் பென்ஷனிலிருந்து தருவதாகச் சொல்லியிருக்கிறேன். அன்றைக்கு நான் விட்ட வழக்கு அது, அவர் நடத்தப் போகிறார்.

உங்கள் ஊரில், உங்கள் அலுவலகத்தில், இப்படி ஒரு தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு யாரிடமும் சொல்லாமல் நடக்கிறவர்கள் இருப்பார்கள். தேடிப் போய்க் கேளுங்கள். இன்னும் எத்தனை நாள் மிச்சம் இருக்கிறது என்று முதலில் கேளுங்கள்.

தோழமையுடன்,
ஆசிரியர்